நஸ்ரின் படித்துக் காட்டிய பத்தி

செப்டம்பர் 18, வியாழன். ராயபுரம்.

தூக்கம் வரவில்லை. இன்று என் மாணவி நஸ்ரினுக்கு முனைவர் பட்ட வாய்மொழித் தேர்வு. இடைக்காலக் கிறித்தவத் துறவிகள் இஸ்லாத்தைப் பற்றி எழுதியவைதான் அவள் ஆய்வு. சாத்தாங்காட்டில் பழைய இரும்பு வியாபாரம் செய்யும் அவளுடைய அத்தா எல்லோருக்கும் பிரியாணி கொண்டுவந்திருந்தார். "பொண்ணு பேசுறத கேளுங்க பாய்" என்று அவரை முன்வரிசையில் உட்காரவைத்தவன் நான்தான்.

வெளியூர்த் தேர்வாளர் ஆய்வேட்டைப் புரட்டினார். ஒரு துறவி நபியைக் கேவலமாக ஏசியிருக்கும் பத்தியில் விரலை வைத்து, "இத சத்தமா படிம்மா" என்றார். பக்க எண்ணைச் சொல்லியிருந்தாலே போதும், எங்கள் கையிலும் பிரதி இருந்தது. அந்த ஆளுக்கு அவள் முகத்தைப் பார்க்க வேண்டும். வழிகாட்டியான நான் வாயைத் திறக்கவில்லை. அவள் தடுமாறாமல் படித்தாள். "இதுக்கு என்னோட மறுப்பு அடுத்த பக்கத்துல இருக்கு சார்" என்றாள். "அது வேணாம், போதும்" என்று ஆய்வேட்டை மூடிவிட்டார்.

சாப்பாட்டின்போது அவருக்கு லெக் பீஸாகத் தேடிப் போட்டார் பாய். பிறகு கரண்டியோடு என்னிடம் வந்தார்.

"இன்னா சார் அது? அந்த சாமியாரு எழுதுனதா?"

"ஆமா பாய். லத்தீன்ல எழுதினது."

"அப்போ அத்த தமிழ்ல எழுதுனது யாரு?"

பொய் சொல்லியிருக்கலாம். "உங்க பொண்ணுதான்" என்றேன்.

அவர் போய் அண்டாவை மூடினார். நஸ்ரின் அதுவரை சாப்பிட்டிருக்கவில்லை.