தையல் பிரியாத பூதத்தின் வழக்கு

கிழக்கே ஓயாத கடலை வேலியாகவும் மேற்கே மேகம் தங்கும் குன்றுகளை மதிலாகவும் கொண்ட முகிழ்நாட்டை ஆள்பவரும், பகைவர் வருமுன் முரசும் வந்தபின் விருந்தும் வழங்கும் பெருமாட்டியும், ஒற்றைச் சங்கக்கொடி உடையவருமாகிய அரசி அல்லியங்கோதையாரின் திருவுளப்படி, ஓலைநாயகம் அரையன் நக்கன் எழுதுவித்து, கரையோரப் பட்டினங்கள் அனைத்தின் காவலர்க்கும், கலங்கரைத் தலைவர்க்கும், சுங்கம் கொள்வார்க்கும், சுங்கம் கொள்ளாதவர்போல் முகம் வைத்துக்கொள்வார்க்கும் விடுக்கும் ஓலை. உங்கள் துறைகளில் கலங்கள் நெருங்குக. உப்பு வெளுக்க. வலை கனக்க. உங்கள் மனைவியர் உங்கள் பட்டங்களை மறவாதிருக்க.

இவ்வோலையுடன் ஒரு படச்சுருளும் வருகிறது. அது எவ்வாறு உண்டாயிற்று, அதைத் திரையில் கண்டதும் நீங்கள் செய்யத்தக்கது யாது, எக்காரணத்தாலும் செய்யத்தகாதது யாது என்பன இதனால் உணர்த்தப்படும். முழுவதும் படித்த பின்னரே படையை எழுப்புக.

ஓலையில் எழுத்தும் திரையில் நிழலும் ஒருங்கே ஓடும் நாடு நம்முடையது. அந்நிழலை ஓட்டிப் பிழைப்போருள் குஞ்சரம் என்பவள் சிப்பிக்குடாப் பட்டினத்தாள். அவள் எடுக்கும் படங்கள் அரண்மனையில் காட்டப்படுவதில்லை. அரண்மனையார் முக்காடிட்டுக் கொட்டகைக்குப் போய்ப் பார்த்து வருவதே வழக்கம். முதற்படம் ‘கடலுக்குள் ஒரு வாய்.’ அடுத்தது ‘அதே வாய்.’ மூன்றாவது ‘அந்த வாயின் அண்ணன்.’ மூன்றிலும் கடலிலிருந்து ஒரு பூதம் எழும். ஓர் ஊரைத் தின்னும். நாயகி காரணம் எதுவுமின்றி நனைவாள். கொட்டகை வாசலில் நெஞ்சுரம் இல்லாதோர் உள்ளே வரவேண்டாம் என்று எழுதித் தொங்கும், அதைப் படித்தவர் ஒருவரும் திரும்பிப் போனதில்லை. காட்சிக்கொருமுறை மயங்கி விழுவதற்கென்றே முன்வரிசையில் ஒருத்தி கூலிக்கு அமர்த்தப்பட்டிருப்பாள்.

மூன்று படத்துக்கும் பூதம் ஒன்றே. கிழிந்த பாய்மரத் துணியும் தேங்காய் நாரும் உடல், சிரட்டைகள் செதில், கணவாய் ஓடு பல், இரண்டு பித்தளைக் கிண்ணங்கள் கண். இவையனைத்தையும் புளியங்கொட்டைப் பசை ஒட்டியிருந்தது, ஒட்டாத இடத்தை இருட்டு மறைத்தது. பொத்தானும் கொக்கியும் வைத்தால் செலவு என்பதனால், பூதமாய் நடிக்கும் மாடக்கண்ணுவைக் காலையில் உள்ளே விட்டு முதுகுப்பக்கம் தைத்துவிடுவாள் குஞ்சரம். மாலையில் அவளே பிரித்துவிடுவாள். இடையில் அவனுக்குக் கஞ்சி பூதத்தின் வாய்வழியே போகும், உறுமல் அதே வாய்வழியே வரும்.

நான்காம் படத்தின் ஊர்தின்னும் காட்சி எடுத்த நாளில், சிப்பிக்குடாக் கோட்டையின் தண்டநாயகர் ஏறன் வெண்கோடர் காவற்கோபுரத்தின்மேல் நின்றிருந்தார். வாளை எண்ணெயிடுவதிலேயே இளமை கழிந்து, பல்லாண்டாகப் போர் ஒன்றும் வாய்க்காத பெருவீரர் அவர். கரையில் ஊரார் அலறி ஓடுவதைக் கண்டார். ஆளுக்கொரு வேளைச் சோறு என்று பேசியிருந்ததால் ஊரார் மனமுவந்து அலறினர். அலைக்குள்ளிருந்து சிரட்டை மின்ன ஓர் உருவம் எழுவதையும் கண்டார். சங்கு முழங்கியது. மூன்று போர்க்கலங்கள் பாய் விரித்தன.

கலங்கள் தன்னை நோக்கி வருவதைக் கிண்ணத்தின் ஓட்டை வழியே பார்த்த மாடக்கண்ணு, இந்தத் தடவையாவது அக்கா தாராளமாகச் செலவு செய்திருக்கிறாள் என்று உள்ளம் பூரித்தான். பூரிப்பில் என்றுமில்லாதபடி உறுமினான். வலை மேலே விழுந்தபோதும் நடிப்பைக் கைவிடவில்லை. துடுப்பால் மண்டையில் ஒன்று விழுந்த பிறகே, கதையில் ஏதோ மாற்றம் இருக்கிறதென்று அவனுக்குத் தோன்றியது.

கரையில் நின்ற குஞ்சரம் கத்திக்கொண்டே தண்ணீருக்குள் இறங்கினாள். ஆயினும் படப்பெட்டியைச் சுழற்றுகிறவன் சுழற்றுவதை நிறுத்தவில்லை. பாதியில் நின்ற சுருள் பாழ்போன சுருள் என்பது அவளே போட்ட சட்டம். மாடக்கண்ணுவைக் கட்டித் தூக்குவதை நெஞ்சடைக்கப் பார்த்தவளின் நெஞ்சின் ஒரு மூலை, மெய்யான பாயும் மெய்யான படையும் காசில்லாமல் கிடைத்ததே என்று கணக்குப் போட்டது. அந்த மூலையை அவள் பின்னர் நெடுநேரம் வைதாள். எனினும் சுருளை அரிசிப்பானைக்குள் ஒளித்து வைத்தாள்.

கோட்டை மண்டபத்தில் தண்டநாயகர் வாகை சூடி அமர்ந்திருக்க, கட்டுண்டு கிடந்த பூதம் வாய் திறந்தது. அது சொன்னதைக் கோட்டைக் கணக்கர் சொல் பிசகாமல் எழுதியுள்ளார்.

“சாமி, முதுகுப் பக்கம் தையலைப் பிரிச்சு விடுங்க. மூச்சு முட்டுது.”

மண்டபம் திகைத்தது. இவன் மனிதனோ என்று ஐயுற்றவர் ஒருவரும் இலர். பூதத்துக்கும் தமிழ் வருகிறதே என்று புலவர் இருவர் கண்ணீர் விட்டனர். ‘தையல்’ என்று அது விளித்தது கடலடியில் அதற்கிருக்கும் மனைவியையா என்று ஆய்வு தொடங்கிற்று. தலைநகருக்கு விரைந்த வெற்றியோலையில், ‘பூதங்கடிந்தான்’ எனத் தொடங்கிய பட்டம் ‘செந்தமிழ்ப் பூதங்கடிந்தான்’ எனத் தழைத்தது. தலைநகரும் தாமதிக்கவில்லை. பட்டத்துக்கு முத்திரை இடப்பட்டது. பூதத்தைக் கீறல் படாமல் கொணர்ந்து, வெற்றித் திருநாளன்று அரசியார் முன்னிலையில் தலை கொய்க என்று ஆணை போயிற்று. அரசியார் காணுமுன் போர்ப்பொருளின்மேல் கத்தி படலாகாது என்பது நம் மரபு. ஆகவே தையலைப் பிரித்துப் பார்க்க ஒருவரும் துணியவில்லை. கஞ்சி மட்டும் வாய்வழியே ஊற்றப்பட்டது.

குஞ்சரம் கோட்டை வாயிலுக்குப் போய், உள்ளே கிடப்பது பூதமன்று, மாடக்கண்ணு என்னும் மனிதன், அவனைத் தைத்தது தன் கை என்று முறையிட்டாள். தண்டநாயகர் அவளை உள்ளே விடவில்லை. அவரே வெளியே வந்து, பொறுமையாகவே, ஒன்றை எடுத்துரைத்தார்: அது பூதமென்பதற்கு அரசியாரின் முத்திரை இருக்கிறது, மனிதனென்பதற்கு அவளுடைய வாய் மட்டுமே இருக்கிறது, முத்திரை பொய்யென்று சொல்லும் வாய்க்கு நாட்டில் என்ன தண்டனை என்பதை அவள் அறிவாளா? குஞ்சரம் அறிவாள். ஆயினும் அவள் அழுதுகொண்டு வீடு திரும்பும் இனமில்லை. எதைக் காட்டினாலும் நம்பும் கூட்டத்தை வைத்தே பிழைத்தவள், அதே கூட்டத்திடம் இதையும் காட்டிவிடுவது என்று முடிவுகட்டினாள். மூன்று படங்களையும் விளக்குப்பெட்டியையும் அரிசிப்பானையையும் மாட்டுவண்டியில் ஏற்றி, தன் குழுவினரையும் கூட்டிக்கொண்டு தலைநகர் வந்து சேர்ந்தாள்.

கொலைக்களம் செல்வோர்க்காக எவர் வேண்டினாலும் ஒருமுறை செவிகொடுப்பது அரசியாரின் வழக்கம். கொலுமண்டபச் சாளரங்களைப் போர்க்கொடிகளால் மூடி இருட்டாக்கி, பட்டப்பகலில் மூன்று படங்களும் ஓட்டப்பட்டன. இதெல்லாம் நடிப்பு என்பது பார்த்த மாத்திரத்தில் விளங்கிவிடும் என்று குஞ்சரம் திடமாக நம்பினாள். ஏனெனில் முதற்படத்தில் பூதத்தின் வால் பாதியில் கழன்று விழும், அதையே பூதம் குனிந்து எடுத்துக்கொண்டு போகும்.

நடந்தது வேறு. அவையோர் தூண்களைக் கட்டிக்கொண்டனர். சேனாதிபதி ஒருவர் தன் கேடயத்தைத் தலைக்குமேல் கவிழ்த்துக்கொண்டார். கூலிக்கு மயங்குகிறவள் மயங்குமுன்னே அமைச்சர் இருவர் முந்திக்கொண்டனர். மூன்றாம் படம் முடிந்ததும் வெண்கோடர் எழுந்து, தாம் பிடித்தது எத்தகைய கொடியதென்பதற்கு இதனினும் சான்று வேண்டுமோ என்று கேட்டார். மூன்று ஊர்களை அது விழுங்கியதை அவை கண்ணாரக் கண்டது. வழக்குரைப்பவர் அங்கேயே குற்றப்பட்டியல் விரித்து, அப்பட்டியலில் ஒரு கள்ளுக்கடையையும் சேர்த்தார். மாடக்கண்ணுவை மீட்க வந்த குஞ்சரம், அவன் தலைமேல் இருந்த ஒரு குற்றத்தை நூறாக்கிவிட்டு நின்றாள். மண்டபத்தின் நடுவே கூண்டுக்குள் கிடந்த பூதம் அவளைப் பார்த்துத் தலையை மெல்ல ஆட்டியது. ஒரு சிரட்டை உதிர்ந்து உருண்டது.

அப்போதுதான் அரசியார், அதுவரை வெற்றிலை மடித்துக்கொண்டிருந்தவர், வாய் திறந்தார்.

“அந்தக் கட்டம்போட்ட சேலைக்காரியை முதல் படத்திலேயே முழுசாக விழுங்கிவிட்டதே. இரண்டாவதில் கூடையோடு வருகிறாள், மறுபடியும் விழுங்குகிறது. மூன்றாவதிலும் அதே கூடை. யாரடி அவள்? எத்தனை உயிர் அவளுக்கு?”

வழக்குரைப்பவர், அவர்கள் மூன்று சகோதரிகளாயிருக்கலாம் என்று பணிந்து தெரிவித்தார். அவரை அரசியார் ஏறிட்டும் பார்க்கவில்லை. அரசியாரின் கண் குஞ்சரத்தின்மேல் இருந்தது. செலவைக் குறைக்கத் தன் படங்களில் தானே சாகிறவள் அவள். நல்ல சேலை என்று அவளிடம் இருப்பது ஒன்றே, அதையே அரசவைக்கும் உடுத்தி வந்திருந்தாள்.

“நான்தான் தாயே,” என்றாள் குஞ்சரம். “மூணு தடவையும் செத்தது நான்தான். இன்னைக்கும் அதே சேலைதான்.”

அவையில் சலசலப்பு எழுந்தது. வெண்கோடர், அவ்வாறாயின் பட்டம் என்னாவது, முத்திரை என்னாவது என்று குரல் உயர்த்தினார். முத்திரை பொய்யென்று சொன்னால் தன் தலையும் போகும், மாடக்கண்ணுவின் தலையும் போகும் என்பதைக் குஞ்சரம் அக்கணமே உணர்ந்தாள். படம் எடுக்கிறவளுக்கு ஒரு கதை உடைந்தால் அங்கேயே இன்னொன்று கட்டத் தெரியவேண்டும். அவள் கட்டினாள்.

“தண்டநாயகர் பிடிச்சது பூதமாவே இருக்கட்டும் தாயே, நான் மறுக்கலை. அது தின்ன ஆள் நான். செத்தவங்க வீட்டார் மன்னிச்சா கொன்னவன் தலை தப்பும்னு இந்த நாட்டுல ஒரு சட்டம் இருக்குல்ல? எனக்கு என்னைவிட நெருங்கின சொந்தம் யாரு? நான் மன்னிச்சுட்டேன். மூணு படத்துக்கும் சேர்த்து.”

சட்டம் வல்லோர் கூடிக் குனிந்து பேசினர். கொல்லப்பட்டவர் தாமே நேரில் தோன்றி மன்னித்த வழக்கு இதுவரை இல்லையென்றும், இல்லாமையால் அதற்குத் தடையும் இல்லையென்றும் தீர்ந்தது. விழுங்கப்பட்ட மற்றையோர் எங்கே என்று கேட்கப்பட்டது. அவர்கள் கதவோரம் நின்றிருந்தனர். எல்லாப் படத்திலும் எல்லா ஊராகவும் ஓடுகிறவர்கள் அவர்களே. ஒருவர்பின் ஒருவராக வந்து மன்னித்தனர். குழுவின் சமையற்காரர் மட்டும், இரண்டாம் படத்தில் பூதம் தன் காலை மெய்யாகவே மிதித்துவிட்டதென்றும், நகம் இன்னும் முளைக்கவில்லையென்றும் சிறிது நேரம் இழுத்தார். குஞ்சரம் திரும்பிப் பார்த்த பார்வையில் அவரும் மன்னித்தார்.

அரசியார் தலையசைத்தார். காவலன் கத்தியோடு கூண்டுக்குள் இறங்க, குஞ்சரம் அவனைத் தடுத்து, நான் தைத்ததை நானே பிரிப்பேன் என்று கேட்டு வாங்கினாள். முத்திரையின் மானம் கருதி அவை முழுவதும் மறுபுறம் திரும்பி நிற்குமாறு பணிக்கப்பட்டது. பூதத்துக்குள்ளிருந்து எலும்பும் தோலுமாய், பசை நாறும் உடம்போடு மாடக்கண்ணு எழுந்தான். கைகால்களை ஆட்டிப் பார்த்தான். குஞ்சரம் அவன் தலையைப் பிடித்துத் துடுப்பு பட்ட இடத்தைத் தடவினாள். அவன்தான் முதலில் கேட்டான்.

“அக்கா, அன்னைக்குப் பெட்டி சுத்துச்சா?”

“சுத்துச்சுடா. கடைசி வரைக்கும் சுத்துச்சு.”

“அப்ப சரி,” என்றான் மாடக்கண்ணு. பிறகே மயங்கி விழுந்தான். இதைக் கூலிக்கு மயங்குகிறவள் தொழில்முறையில் மெச்சினாள்.

திரும்பி நின்றாலும் காதுள்ள அரசியார், என்ன சுற்றியது என்று வினவ, சுருள் அரிசிப்பானையிலிருந்து வெளிவந்தது. அதுவும் ஓட்டப்பட்டது. சிப்பிக்குடாப் போர் மெய்யாக நிகழ்ந்தவாறே திரையில் விரிந்தது. மூன்று கலங்களுள் தண்டநாயகர் கலம் மூன்றாவதாக, மிகவும் மூன்றாவதாக வந்தது. பூதம் உறுமியபோது முதல் இரண்டு கலங்களும் முன்னேற, மூன்றாவது கலம் காற்றுக்கு எதிராகப் பின்னேறிற்று. நம் கப்பல்களில் அவ்வாறு இயலுமென்பது கடற்படையினர்க்கே புதுச்செய்தி. வலை விழுந்து, பூதம் கட்டுண்டு, எல்லாம் முடிந்தபின் ஒரு வாள் உயர்ந்தது. அரசியார் சிரித்தார். அரசியார் சிரித்ததால் அவை சிரித்தது. வெண்கோடர் மட்டும் சிரிக்காமல் திரையருகே போய், அந்த வாள் உயர்ந்த இடத்தில் தம் முகம் இன்னும் சற்றுத் தெளிவாக விழுந்திருக்கலாகாதா என்று குஞ்சரத்தைக் கேட்டார்.

ஆதலின் திருவுளம் பற்றிய ஆணை வருமாறு. இட்ட பட்டத்தை மீட்பது முகிழ்நாட்டு வழக்கமன்று. வெண்கோடர் செந்தமிழ்ப் பூதங்கடிந்தானாகவே நீடிப்பார். போர்க்காட்சியை உள்ளடக்கி முடிக்கப்பட்ட ‘நாலாவது வாய்’ உங்கள் பட்டினம்தோறும் காட்டப்படுக. காட்டும் நாளில் கடலை நோக்கி எந்தக் கலமும் புறப்படலாகாது. சுருளோடு மாடக்கண்ணு என்பவன் வருவான். ஏட்டின்படி அவன் மன்னிக்கப்பட்ட பூதம். ஆயினும் அவனுக்கு மனிதர்க்குரிய இலையில், மனிதர்க்குரிய வரிசையில், அவனே போதுமென்று கைமறிக்கும் மட்டும் சோறிடுக. அவன்மேல் ஒரு துடுப்புக்கூடப் படலாகாது.

வெண்கோடரும் ஒவ்வொரு பட்டினத்துக்கும் வருவார். வரவேண்டாமென்று சொல்லியும் வருவார். அவரை முன்வரிசையில் அமர்த்துக. மூன்றாவது கலம் திரையில் தோன்றும்போது எவரேனும் சிரித்தால் அது அரசநிந்தை ஆகாது. சிரிக்காதவர் பெயரை மட்டும் எழுதித் தலைநகருக்கு அனுப்புக.

சங்கக்கொடி பறக்கும் மட்டும் இவ்வாணை செல்வதாக. அரசியார் கைச்சாத்தும் ஒற்றைச்சங்க இலச்சினையும் மேலே இடப்பட்டன. வெற்றிலைக் கறை ஒன்றும் தானாக விழுந்துள்ளது, அதனையும் முத்திரையாகவே கொள்க.