நீங்கள் படித்துக் காட்டிய நோட்டு

மரியாதைக்குரிய ரைட்டரய்யாவுக்கு,

முதலில் என் கையெழுத்தைப் பொறுத்துக்கொள்ளுங்கள். ஒரு எழுத்து பூசணிக்காய் மாதிரி வருகிறது, அடுத்தது மிளகு அளவுக்குச் சுருங்கிவிடுகிறது. கோட்டின்மேல் நிற்கச் சொன்னால் மழைக்கு ஒதுங்கும் ஆடுகள் மாதிரி ஒன்றன்மேல் ஒன்று ஏறிக்கொள்கின்றன. இந்த நாலு வரிக்கே ஒரு காலைப்பொழுது போய்விட்டது. ஆனாலும் எழுதியது நான்தான். எழுபது வயதுக்கு மேல் உங்கள் சடையன் தன் கையால் எழுதும் முதல் கடிதம் இது. அதை நினைத்தால் இந்த நிலையிலும் எனக்குச் சிரிப்பு வருகிறது.

இந்த நிலை என்று சொன்னேன். காரணம் என் மடியில் இருக்கும் நோட்டு. நீங்கள் கணக்கெழுதிய காப்பி எஸ்டேட்டில் ஆள் வருகை எழுதுவதற்கு வாங்கி, எழுதாமலே மிஞ்சிய செக்ரோல் நோட்டு. உங்களுக்கு ஞாபகம் இருக்கும். திறந்தால் எங்கள் அடுப்புப் புகை வாசமும் பழைய அவரைக் குழம்பு வாசமும் சேர்ந்து வருகின்றன. இதைத்தான் போன வியாழக்கிழமை திறந்தேன். ஐயா, அன்றைக்கு வந்த படபடப்பு இன்னும் அடங்கவில்லை.

ஓய்வு பெற்ற மறு வருஷம் நீங்கள் ஞாயிறு நடையை ஆரம்பித்தீர்கள். ஏற்காட்டுக்கு வருகிறவர்கள் ஏரியில் படகு விட்டுவிட்டுக் கீழே இறங்கிப் போய்விடுகிறார்கள், இங்கே யார் யார் இருக்கிறார்கள், என்ன சாப்பிடுகிறார்கள் என்று ஒருவருக்கும் தெரியவில்லை என்பது உங்கள் வருத்தம். பத்துப் பன்னிரண்டு பேரைச் சேர்த்துக்கொண்டு ஏரிக்கரை மிளகாய் பஜ்ஜியில் தொடங்குவீர்கள். சேலத்திலிருந்து மேலே வந்து கடை போட்டவரிடம் தட்டுவடை செட். பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் பாய் வீட்டுச் சமோசாவும் இஞ்சி டீயும். சர்ச் தெருவில் உங்கள் தங்கை வீட்டு அச்சு முறுக்கு. கடைசியாக ஜீப்பில் ஏறித் தலைச்சோலையில் இறங்கி, காப்பிச் செடிகளுக்கு நடுவே நடந்து, மலைக்காரர் வீட்டுச் சாப்பாட்டுக்கு எங்கள் வீடு. என் வீட்டுக்காரி நல்லம்மா கிளறிய கேழ்வரகுக் களி, அவரைக் குழம்பு, எங்கள் செடியில் பறித்து வறுத்த காப்பி.

சாப்பிட்டு முடித்தவர்களிடம் இந்த நோட்டை நீட்டி, மனதில் பட்டதை எழுதச் சொல்வீர்கள். அவர்கள் ஜீப்புக்கு நடக்கும்போது நீங்கள் மட்டும் ஐந்து நிமிஷம் பின்தங்குவீர்கள். எனக்கும் நல்லம்மாவுக்கும் எழுத்து தெரியாது. நீங்கள் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு படித்துக் காட்டுவீர்கள். அந்த ஐந்து நிமிஷத்துக்காகத்தான் அவள் வாரா வாரம் களி கிளறினாள் என்றுகூடச் சொல்லலாம்.

ஒரு தடவை படித்தீர்கள்: "கோயமுத்தூர் அம்மா எழுதியிருக்காங்கப்பா. உங்க கோழி நொம்ப அழகாம். பஞ்சாரத்துல போட்டு வெச்சிருந்தா ஒரு போட்டோ எடுத்திருப்பாங்களாம்."

"அட, நம்ம செவலைக் கோழியவாங்க?" என்று நல்லம்மாவுக்கு வாயெல்லாம் பல். அடுத்த ஞாயிறு கோழியைக் கழுவித் துடைத்து, பஞ்சாரக் கூடைக்குள் போட்டு, வருகிறவர்கள் கண்ணில் படும்படி வைத்தாள். ஒருத்தரும் போட்டோ எடுக்கவில்லை.

"ஏனுங்க ரைட்டரய்யா, யாருமே எடுக்கலீங்களே?"

"கூச்சப்படறாங்கம்மா" என்றீர்கள், முகத்தில் ஒரு சலனம் இல்லாமல்.

இன்னொரு ஞாயிறுதான் முக்கியமானது. முதல் சில வாரங்களில், வந்தவர்கள் பாயில் உட்கார்ந்து சாப்பிட, நான் எதிரே கை கட்டி நிற்பேன். நீங்கள் பார்த்துப் பழகிய நிற்புதான் அது. எஸ்டேட்டில் நீங்கள் நாற்காலியில் உட்கார்ந்து பெயர் கூப்பிடுவீர்கள், நாங்கள் வரிசையாகக் கை கட்டி நிற்போம். முப்பது வருஷம் அப்படி நின்ற உடம்பு வேறு மாதிரி நிற்கத் தெரியாமல் போய்விட்டது. அன்றைக்கு நோட்டைப் படித்த நீங்கள் என்னை நிமிர்ந்து பார்த்தீர்கள்.

"சடையா, நீயும் கூட உக்காந்து சாப்பிட்டிருந்தா இன்னும் நாலு வாய் சேத்துச் சாப்பிட்டிருப்போம்னு எழுதியிருக்காங்கப்பா."

"நானுங்களா? அவங்க கூடவா?"

"அவங்கதான் கேக்கறாங்க. நானா கேக்கறேன்?"

நம்ப முடியாமல் அந்த வரியைக் கட்டைவிரலால் தொட்டுப் பார்த்தேன். விரலில் இருந்த குழம்பு பக்கத்தில் ஒட்டிக்கொண்டது. அடுத்த ஞாயிறு என் தட்டை எடுத்துக்கொண்டு போய் அவர்கள் நடுவில் உட்கார்ந்தேன். களியை மெல்லாமல், உருட்டிக் குழம்பில் தோய்த்து விழுங்க வேண்டும் என்று காட்டிக்கொடுத்தேன். அட்டைப் பூச்சிக் கதை சொன்னேன். சேர்வராயன் கோயில் திருவிழாவில் நான் தொலைந்து போன கதை சொன்னேன். நீங்களும் தட்டை எடுத்துக்கொண்டு வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தீர்கள். என் வாழ்நாளில் உங்கள் முன்னால் நான் உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை.

போன மழைக்காலத்தில் உங்களைச் சேலத்து ஆஸ்பத்திரிக்கு இறக்கினார்கள். அடிவாரத்தைத் தாண்டும்வரை கண் விழித்திருந்தீர்கள் என்று உங்கள் தங்கை சொன்னார். திரும்பி வரவில்லை.

நடையை இப்போது ஜோதி நடத்துகிறது. ஏரிக்கரை ஓட்டலில் வேலை பார்த்துக்கொண்டே உங்களோடு ஒரு வருஷம் நடந்து பழகிய பெண்தான். நல்ல பிள்ளை. ஆனால் ஜீப்பைத் திருப்பும் அவசரத்தில் அதற்கு நோட்டுப் படிக்க நேரம் இல்லை. வாரா வாரம் எழுதுகிறார்கள், நோட்டு மூடியே கிடக்கிறது. நல்லம்மா அதைப் பரணில் வைப்பதும் எடுப்பதுமாக இருந்தாள். எனக்குப் பொறுக்கவில்லை. எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் பெரியவர்களுக்கு மத்தியானம் எழுத்துச் சொல்லித் தருகிறார்கள் என்று கேள்விப்பட்டுப் போய்ச் சேர்ந்துவிட்டேன். உண்மையைச் சொல்லிவிடுகிறேன் ஐயா. அறிவு வளர்க்கப் போகவில்லை. எங்களைப் பாராட்டி எழுதியதைப் படிக்கத்தான் போனேன்.

என்ன ஒரு சந்தோஷம் தெரியுமா! பஸ் வந்து நிற்பதற்குள் ஊர்ப் பெயரைப் படித்துவிடுவேன். தீப்பெட்டியைக்கூட விடவில்லை. பிறகு கல்லறைத் தோட்டத்துக்கு வந்து உங்கள் சிலுவையில் இருந்த பெயரைக் கூட்டிக் கூட்டிப் படித்தேன். இத்தனை வருஷம் ரைட்டரய்யா என்று மட்டும் கூப்பிட்டவரின் முழுப் பெயர். படித்து முடித்தபோது உங்களை மறுபடி சந்தித்த மாதிரி இருந்தது.

அதே சந்தோஷத்தோடுதான் வியாழக்கிழமை நோட்டைத் திறந்தேன். நல்லம்மா மிளகு பறிக்கப் போயிருந்தாள். ஆங்கிலத்தில் எழுதியவர்கள் என்னிடமிருந்து தப்பித்தார்கள். தமிழில் முதலில் கண்ணில் பட்டது கோழி. ஆகா, நம் கோழி என்று விரல் வைத்துப் படித்தேன்.

"சாப்பிடும் இடத்தில் கோழி திரிகிறது. தட்டில் வாய் வைக்கிறது. அருவருப்பு."

நான்தான் தப்பாகக் கூட்டுகிறேன் என்று நினைத்தேன். மூன்று தடவை படித்தேன். மூன்று தடவையும் அதேதான். பக்கங்களைத் தள்ளி என் கட்டைவிரல் கறையைத் தேடினேன். கறை இருந்தது. அதன் மேலே இருந்த வரிகளை உங்களுக்கு அப்படியே எழுதுகிறேன்.

"அந்தப் பெரியவர் கை கட்டிக்கொண்டு எதிரிலேயே நின்று எங்கள் வாயையே பார்க்கிறார். ஒரு வாய் இறங்கவில்லை. அடுத்த முறை இந்த வீட்டை விட்டுவிடலாம்."

நோட்டை மூடிவிட்டேன். எத்தனை ஞாயிறு, எத்தனை பேர் நடுவில், அவர்களே கூப்பிட்டார்கள் என்ற நினைப்பில் தட்டோடு போய் உட்கார்ந்தேன்! எத்தனை பேர் எனக்காக நகர்ந்து இடம் விட்டார்கள்! ஒருவரும் கூப்பிடவில்லை. கூப்பிட்டது நீங்கள். ஒரு தடவை நான், "நானும் படிக்கப் பழகட்டுங்களா?" என்று கேட்டதற்கு, "நான் இருக்கறப்ப உனக்கெதுக்குப்பா இந்தத் தொந்தரவு" என்றீர்கள். அப்போது அதை அன்பு என்று நினைத்தேன். வியாழக்கிழமை அதை நினைத்து உங்கள்மேல் கோபம் கோபமாக வந்தது. ஒன்றும் தெரியாதவன் என்று என்னை வைத்து விளையாடினீர்களா ஐயா?

ஜோதியிடம் சொல்லி எங்கள் வீட்டை நடையிலிருந்து எடுத்துவிடுவது என்று முடிவு செய்தேன். ஆனால் நல்லம்மாவிடம் என்ன காரணம் சொல்வது? அவள் ஞாயிறுக்கு மொச்சையா அவரையா என்று புதன்கிழமையே யோசிக்கிறவள். நோட்டில் இருப்பது தெரிந்தால் அடுப்பையே பற்ற வைக்க மாட்டாள். சொல்லவும் முடியாமல் விழுங்கவும் முடியாமல் இரண்டு நாள் கிடந்தேன்.

நேற்று ஞாயிறு. ஒன்பது பேர் வந்தார்கள், ஒரு சின்னக் குழந்தையும் இருந்தது. என் தட்டை நான் எடுக்கவில்லை. விறகுக் கட்டுக்குப் பக்கத்தில் போய்த் திரும்பி நின்றுகொண்டேன்.

"ஏனுங் தாத்தா, உக்காரலீங்களா? அட்டைப் பூச்சிக் கதை வேணும்னு இவங்ககிட்டச் சொல்லி வெச்சிருக்கேன்" என்று ஜோதி கூப்பிட்டது.

"பசி இல்லீங் கண்ணு" என்றேன். கதை இல்லாமலே சாப்பாடு நடந்தது. நடுவில் ஒரு தடவை குழந்தை அழுதது, அப்போதும் நான் திரும்பவில்லை.

அவர்கள் எழுதிவிட்டுப் போனதும் நல்லம்மா கையைத் துடைத்துக்கொண்டு நோட்டோடு வந்து என் எதிரில் உட்கார்ந்தாள். "இப்பத்தான் படிக்கத் தெரியுமுங்களே. படிங்க, கேப்போம்" என்றாள். ஓடவும் முடியாது. விரல் வைத்துப் படித்தேன், முதலில் மனதுக்குள்.

"குழம்பில் காரம் தாங்க முடியவில்லை. குழந்தை அழுதுவிட்டது. பெரியவர் எங்களோடு உட்காரவே இல்லை. நாங்கள் வந்தது அவருக்குப் பிடிக்கவில்லை போலிருக்கிறது."

நல்லம்மா என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் வாயைத் திறந்தேன். வந்தது இதுதான்: "கொழம்பு நொம்ப நல்லாருந்துச்சாம். சின்னப் புள்ளைங்க வந்தா மட்டும் காரம் கொறச்சு ஒரு கிண்ணம் தனியா வெச்சா, அதுகளும் ஆசையாத் திங்குமாம்."

ஐயா, அது என் குரல் இல்லை. நீங்கள் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு படிக்கும் குரல். நான் யோசித்துச் சொல்லவில்லை, ஒத்திகை பார்க்கவில்லை. அவள் முகத்தைப் பார்த்தேன், வந்துவிட்டது. வியாழக்கிழமை வந்த அதிர்ச்சியைவிட இது பெரியது.

நல்லம்மா அடுப்புப் பக்கம் பார்த்தாள். பிறகு, "அந்தப் புள்ள அழுதது எனக்கு அடுப்படி வரைக்கும் கேட்டுச்சுங்க" என்றாள். "அடுத்த வாரம் கொறச்சே வெக்கறனுங்க." எழுந்தவள் திரும்பி, "நீங்களும் ரைட்டரய்யா மாதிரியேதான் படிக்கறீங்க" என்று சொல்லிச் சிரித்தாள்.

அவளுக்கு எவ்வளவு நாளாகத் தெரியும் என்று நான் கேட்கவில்லை. கேட்கவும் போவதில்லை.

"உங்களப் பத்தி ஒண்ணும் எழுதலீங்களா?" என்றாள். அதை மட்டும் மாற்றாமல் அப்படியே படித்தேன். பெரியவர் எங்களோடு உட்காரவே இல்லை, நாங்கள் வந்தது அவருக்குப் பிடிக்கவில்லை போலிருக்கிறது என்று. "அப்பறம் என்னங்க, தட்ட எடுத்துட்டுப் போய் உக்கார வேண்டியதுதான?" என்றாள்.

கை கட்டி நின்றவனை வேண்டாம் என்று எழுதினார்கள். உட்காராதவனை உட்காரவில்லையே என்று எழுதுகிறார்கள். இடையில் நடந்ததெல்லாம் நீங்கள் அன்றைக்குப் படித்த, எங்குமே எழுதப்படாத அந்த ஒரு வரி. அது நோட்டில் இல்லை என்பதால் இல்லாமல் போய்விடாது என்று இப்போது நினைக்கிறேன்.

கோபம் முழுக்கப் போய்விட்டது என்று சொல்ல மாட்டேன். கோழி விஷயத்தில் கொஞ்சம் பாக்கி இருக்கிறது. ஆனால் வரும் ஞாயிறு என் தட்டை எடுத்துக்கொள்வேன். எல்லாரும் போன பிறகு நல்லம்மாவுக்கு உங்கள் மாதிரியே படித்துக் காட்டுவேன். திங்கட்கிழமை இந்தப் பேனாவோடு உட்கார்ந்து, அவர்கள் நிஜமாக என்ன எழுதினார்கள் என்பதை ஓர் எழுத்து மாற்றாமல் உங்களுக்கு மட்டும் எழுதுகிறேன்.

உங்கள்
சடையன்