வண்டி ஓட்டாதவளுக்கு ஓர் அட்டை

அக்டோபர் 3, செவ்வாய்

வேலை செய்யும் முதியோர் இல்லத்தில் இரண்டாம் சலவை இயந்திரம் மறுபடியும் மக்கர். ஈரப் போர்வைகளைக் கையால் பிழிந்து பிழிந்து தோள்பட்டை கழன்று விழுகிறது.

மகன் லோனியிடமிருந்து கடிதம். போன வாரமே அவனை மாநிலச் சிறைக்கு மாற்றிவிட்டார்களாம். இங்கிருந்து இரண்டரை மணி நேரம். நம் ஊர் லாக்கப்பில் இருந்தவரை எனக்குக் கவலையில்லை. வாசலில் இருந்த ரஸ்ஸல், சின்ன வயசில் என் ஞாயிறு பள்ளியில் மூக்கு ஒழுக உட்கார்ந்திருந்தவன். என்னைப் பார்த்ததும் கதவைத் திறந்துவிடுவான். அங்கே அப்படி இல்லையாம். அரசாங்கம் கொடுத்த படம் போட்ட அட்டை இல்லாமல் யாரையும் உள்ளே விடமாட்டார்களாம்.

என்னிடம் அப்படி ஒன்றும் இல்லை. ஐம்பத்தைந்து வயசு ஆகிறது, நான் யார் என்று சொல்ல ஒரு அட்டை இல்லை.

அக்டோபர் 5, வியாழன்

நான் வண்டி ஓட்டுவதில்லை. இருபத்திரண்டு வயசில் ஒரே ஒரு தரம் ஸ்டீரிங்கைப் பிடித்தேன். பின் சீட்டில் கைக்குழந்தையாக லோனி. வண்டியை நேராக ஓடைக்குள் இறக்கிவிட்டேன். குழந்தைக்கு ஒரு கீறல் இல்லை, கர்த்தருக்கு ஸ்தோத்திரம். அன்றைக்குச் சாவியை வைத்தவள்தான். வேலைக்கு நடந்து போகிறேன், சபைக்கு அவர்கள் வேனில் போகிறேன். ஒன்றும் குறைந்துவிடவில்லை. இதுவரை.

லைசென்ஸ் எடுக்காமல் மகனைப் பார்க்க முடியாது போலிருக்கிறது என்று இல்லத்துச் சமையலறை டோரீனிடம் சொன்னேன். ஓடை இன்னும் அங்கேயேதான் இருக்கிறது, பார்த்துப் போ என்றாள். பிறகு சொன்னாள்: ஓட்டாதவர்களுக்கும் மாநிலம் ஒரு அட்டை கொடுக்கிறதாம். பார்க்க லைசென்ஸ் மாதிரியே இருக்குமாம், வண்டி மட்டும் ஓட்டக்கூடாதாம். அடுத்த வெள்ளி அவளுக்கு விடுமுறை. தானே கூட்டிப் போகிறேன் என்றாள். இத்தனை வருஷமாக இவளை வெறும் வாயாடி என்று நினைத்திருந்தேன். நல்ல மனுஷி.

அக்டோபர் 13, வெள்ளி

லைசென்ஸ் அலுவலகத்தில் டோக்கன் 64. போனபோது 22 நடந்துகொண்டிருந்தது.

கவுண்டரில் இருந்த பெண்ணுக்கு என் மகன் வயசுகூட இருக்காது. கெய்லா என்று சட்டையில் பெயர். பிறப்புச் சான்றிதழ், படமில்லாத சமூகப் பாதுகாப்பு அட்டை, மின்கட்டண ரசீது, எல்லாவற்றையும் பரப்பி வைத்தேன். பார்த்துவிட்டு உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

"பிறந்தது ரோவீனா மல்லின்ஸ். சமூகப் பாதுகாப்பு அட்டையில ரோவீனா ஸ்டாலர்ட்னு இருக்கு. ரெண்டு பேரும் ஒரே ஆள்னு சொல்ற காகிதம் எங்கம்மா?"

ஸ்டாலர்ட்! டெல்மர் ஸ்டாலர்டை நான் விவாகரத்து செய்து இருபத்திரண்டு வருஷம். சபையிலும் ஊரிலும் அன்றிலிருந்து நான் மல்லின்ஸ்தான். அந்த ஒரு அட்டையில் மட்டும் பெயரை மாற்றாமல் அலட்சியமாக விட்டுவிட்டேன். சம்பளம் வருகிறதே, யார் கேட்கப்போகிறார்கள் என்று. இப்போது கேட்கிறார்கள். சமூகப் பாதுகாப்பு அலுவலகத்துக்குப் போய் மாற்றலாம் என்றால் அதற்கும் படம் போட்ட அட்டை வேண்டுமாம். எனக்கு வந்த கோபத்தில் கவுண்டர் கண்ணாடியே உடைந்திருக்கும்.

அந்தப் பெண் கோபப்படவில்லை. கல்யாணப் பதிவின் நகல் ஒன்று போதும் என்று ஒரு மஞ்சள் காகிதத்தில் பெரிய எழுத்தில் எழுதிக் கொடுத்தாள். அடுத்த தடவை டோக்கன் எடுக்க வேண்டாம், நேரே என்னிடம் வாங்க என்றாள். நாற்பது பேர் பின்னால் நிற்கும்போது அப்படிச் சொல்ல ஒரு மனசு வேண்டும். கடுகடுவென்று நின்றதற்கு வெட்கமாக இருந்தது.

அக்டோபர் 14, சனி

கல்யாணம் எங்கே நடந்தது?

சிரிப்பார்கள். எனக்கே சிரிப்பு வருகிறது, அழுகையும் வருகிறது. எங்கள் பக்கத்தில் அப்போது கல்யாணம் என்றால் ரத்தப் பரிசோதனை, காத்திருப்பு என்று இழுப்பார்கள். அவசரக்காரர்கள் எல்லாம் எல்லை தாண்டி பக்கத்து மாநிலமான டென்னசிக்குள் போய் ஒரே நாளில் முடித்துக்கொண்டு வருவார்கள். நாங்களும் போனோம். எனக்குப் பதினெட்டு. விடியும் முன் கிளம்பினோம். டெல்மர் ஓட்டினான், நான் தூங்கினேன். எழுப்பியபோது ஒரு கோர்ட்டு வாசல். கையெழுத்துப் போட்டேன். எதிர்க்கடையில் ஆப்பிள் வைத்துச் சுட்ட பை தின்றேன். திரும்பும்போதும் தூங்கினேன்.

எந்தக் கவுண்டி, எந்த மாவட்டம்? தெரியாது. நான்கு கோர்ட்டுகளுக்கு போன் போட்டுப் பார்த்தேன். இரண்டில் எங்கள் பெயர் இல்லை. ஒன்றில் சனிக்கிழமை விடுமுறை. ஒன்றில் "நீங்க கல்யாணம் பண்ண இடம் உங்களுக்கே தெரியாதாம்மா?" என்றான். வைத்துவிட்டேன்.

அந்த ஆப்பிள் பையின் ருசி நினைவிருக்கிறது. ஊர் நினைவில்லை. என்ன பிறவி நான்.

அக்டோபர் 17, செவ்வாய்

விடுமுறை என்ற கோர்ட்டிலும் இல்லையாம். டெல்மருக்கு மட்டும் போன் போட மாட்டேன்.

அக்டோபர் 20, வெள்ளி

லோனி எழுதியிருக்கிறான். சனிக்கிழமைகளில் பெயர் கூப்பிடுவார்களாம், கூப்பிட்டவர்கள் பார்வையாளர் அறைக்குப் போவார்களாம். "எனக்கு யாரும் வரமாட்டாங்கன்னு தெரியும்மா. இருந்தாலும் முகம் கழுவி, தலை சீவி உட்கார்ந்திருக்கேன்."

போதை மாத்திரை விற்றான். நாலு வருஷம் கொடுத்தார்கள். தப்புதான், நானே சொல்வேன். ஆனால் தலை சீவி உட்கார்ந்திருக்கிறானே என் பிள்ளை. நான் இங்கே வறட்டு ரோஷத்தைக் கட்டிக்கொண்டு அழுகிறேன்.

அக்டோபர் 21, சனி

போட்டேன்.

வாண்டா எடுத்தாள். டெல்மர் என்னை விட்டுவிட்டுப் போய்க் கட்டிக்கொண்டவள். தீவனக் கடையில் பில் போட்டுக்கொண்டிருந்தவள். லோனியின் பள்ளி முடிப்பு விழாவில் நான் ஒரு கோடி, அவள் மறுகோடி. அதற்குமேல் ஒரு வார்த்தை பேசியதில்லை. அவள் முகத்தில் முழித்தால் எனக்கு அன்று முழுக்கச் சோறு இறங்காது.

பல்லைக் கடித்துக்கொண்டு விஷயத்தைச் சொன்னேன்.   அவள் மெதுவாகச் சொன்னாள். போன வசந்தத்தில் டெல்மருக்குப் பக்கவாதம் வந்ததாம். வலது பக்கம் விழுந்துவிட்டது, பேச்சும் போய்விட்டது. எல்லாம் புரிகிறது, சொல்ல வரவில்லை. ஊரில் எனக்கு மட்டும் இது எப்படித் தெரியாமல் போயிற்று? என்னிடம் அவன் பெயரை எடுக்க எல்லோருக்கும் பயம், அதுதான்.

"எங்கேன்னு அவருக்குத் தெரியும். சொல்லவைக்கிறது என் பொறுப்பு. கொஞ்சம் நாள் குடுங்க," என்றாள்.

அக்டோபர் 24, செவ்வாய்

வாண்டா போன் செய்தாள். மூன்று நாளாகக் காலைச் சாப்பாட்டு மேசையில் டென்னசி வரைபடத்தை விரித்து வைத்து, கவுண்டி பெயர்களை ஒவ்வொன்றாகப் படித்திருக்கிறாள். சரியான பெயர் வந்தால் நல்ல கையால் மேசையைத் தட்டு என்று சொல்லி. முதல் நாள் ஒரு தட்டு தட்டினானாம். இவள் துள்ளிக் குதித்துக் குறித்துக்கொண்டாளாம். அப்புறம் பார்த்தால் காபி கேட்டிருக்கிறான். இரண்டாம் நாள் தட்டியதும் காபிக்குத்தான். இன்றைக்குக் காபியை முதலிலேயே கொடுத்துவிட்டுப் படித்தாளாம். டன்மோர் என்றதும் தட்டியிருக்கிறான், நிறுத்தவே இல்லையாம்.

போனிலேயே சிரித்துவிட்டேன். அவளும் சிரித்தாள். வைத்த பிறகுதான் யாரோடு சிரித்தேன் என்று உறைத்தது.

டன்மோர் கோர்ட்டில் பதிவு இருக்கிறது என்று அவளே விசாரித்துவிட்டாள். ஆனால் மணமக்களில் ஒருவர் நேரில் வந்து படம் போட்ட அட்டையைக் காட்டினால்தான் நகல். டெல்மரின் லைசென்ஸ் இன்னும் செல்லும். இனி ஓட்டவே முடியாதவனிடம் லைசென்ஸ் இருக்கிறது, என்னிடம் ஒன்றுமில்லை.

"அவரை நான் கூட்டிட்டுப் போறேன். நீங்களும் வாங்க," என்றாள். ஒரே காரில் மூன்று பேரா? கேட்டால் டோரீன் ஒரு வாரம் சிரிப்பாள். வருகிறேன் என்றேன்.

நவம்பர் 3, வெள்ளி

போய்வந்தோம். இன்றைக்கே எழுதிவிட வேண்டும்.

டெல்மர் முன் சீட்டில், நான் பின்னால். பாதி ஆளாகிவிட்டான். நான் கதவைத் திறந்ததும் என்னைப் பார்த்து அவன் வாய் ஒரு பக்கம் மட்டும் சிரித்தது. எத்தனை வருஷம் இந்த ஆளைச் சபித்திருக்கிறேன்! என்னென்னவோ சொல்ல வேண்டும் என்று போனவள், சீட் பெல்ட்டைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்துவிட்டேன். இந்தத் தடவை ஒரு நிமிஷம்கூடத் தூங்கவில்லை.

கோர்ட்டில் லைசென்ஸைக் காட்டிய பிறகு விண்ணப்பத்தில் கையெழுத்து கேட்டார்கள். வலது கை செத்த கை. பேனாவை இடது கையில் வாங்கினான். முதல் காகிதம் கிழிந்தது. இரண்டாவதில் பேனா நழுவியது. வாண்டா காகிதத்தை மட்டும்தான் பிடித்துக்கொண்டாள், அவன் கையைப் பிடிக்கவில்லை. எனக்கோ அவன் கையைப் பிடித்து எழுதிவிடலாமா என்று இருந்தது. அந்த எழுத்தர் கிழவர், வேறு வேலையே இல்லாதவர் போலக் காத்திருந்தார். மூன்றாவதில் கோணல்மாணலாக ஒரு ஸ்டாலர்ட் வந்தது. டெல்மருக்கு நெற்றியெல்லாம் வியர்வை.

நகல் வந்ததும் வாண்டாவிடம் கொடுக்காமல் என் பக்கம் நீட்டினான். வாய் இரண்டு மூன்று தரம் திறந்து மூடியது. "லோ... லோனி," என்றான்.

நான் அழுதேன். அந்த இடத்திலேயே, எல்லார் முன்னாலும். அவன் பிள்ளையும்தானே. அவனால் போக முடியாது, என்னையாவது அனுப்பப் பார்க்கிறான்.

திரும்பும் வழியில் வாண்டா பன்றி இறைச்சி வைத்த ரொட்டி கொடுத்தாள், மூன்று பேருக்கும் கட்டிக்கொண்டு வந்திருக்கிறாள்.  ஒருவழியாக அவளுக்கு நன்றி சொன்னேன். சாலையிலிருந்து கண்ணை எடுக்காமல், "ரொட்டி காய்ஞ்சிடும், சாப்பிடு," என்றாள்.

நவம்பர் 6, திங்கள்

கெய்லாவிடம் நேரே போனேன். சொன்ன வாக்கை மறக்கவில்லை அந்தப் பெண்.

ஆனால் அட்டையில் ஸ்டாலர்ட் என்றுதான் வருமாம். மல்லின்ஸ் வேண்டுமென்றால் விவாகரத்து ஆணையின் நகல் வாங்கி, சமூகப் பாதுகாப்பு அலுவலகத்தில் அட்டை இல்லை என்று தனியாக மனுப் போட்டு மாற்றி, திரும்ப இங்கே வந்து... இரண்டு மாதம் ஆகலாம் என்றாள்.

அந்தப் பெயரை என் மேலிருந்து தேய்த்துக் கழுவ எனக்கு எத்தனை வருஷம் ஆயிற்று தெரியுமா? கவுண்டரைப் பிடித்துக்கொண்டு நின்றேன். இரண்டு மாதம் என்றால் எட்டு சனிக்கிழமை. எட்டுத் தடவை தலை சீவுவான். அவன் பெயரும் ஸ்டாலர்ட்தானே?

"போடும்மா," என்றேன். குரல் எனக்கே கேட்கவில்லை. மறுபடி சொன்னேன்.

கண்ணாடியைக் கழற்றச் சொன்னார்கள். படம் எடுத்தார்கள். அட்டை தபாலில் வரும். அதுவரை ஒரு காகிதம் தந்தார்கள், சிறையில் அது செல்லாது.

நவம்பர் 18, சனி

வந்துவிட்டது!! படத்தில் திருடி மாதிரி இருக்கிறேன். முத்தம் கொடுத்தேன்.

டோரீனிடம் காட்டினேன். ஓட்டக்கூடாது, ஞாபகம் இருக்கட்டும் என்றாள். கெய்லாவுக்கு நன்றிக் கடிதம் எழுதிப் போட்டேன், டன்மோர் எழுத்தருக்கும் ஒன்று. பெயர் தெரியாது, மூக்கில் மச்சம் உள்ளவருக்கு என்று உறைமேல் எழுதினேன். லோனி தன் பார்வையாளர் பட்டியலில் என் பெயரை ஸ்டாலர்ட் என்று திருத்திவிட்டானாம்.

டிசம்பர் 2, சனி

பார்த்தேன். என் பிள்ளையைப் பார்த்தேன்.

வாண்டாதான் ஓட்டினாள். நான் கேட்கவே இல்லை, ஏழு மணிக்கு வாசலில் ஹாரன் கேட்டது. டெல்மரை அவன் தம்பியிடம் விட்டுவிட்டு வந்திருந்தாள். பட்டியலில் அவள் பெயர் இல்லை, அதனால் சிறைக்கு வெளியே வண்டியிலேயே உட்கார்ந்திருந்தாள். குளிர் எலும்பைத் துளைக்கிறது, அதில் மூன்று மணி நேரம்.

இளைத்திருக்கிறான். தலையைப் படியச் சீவியிருந்தான். கட்டிப்பிடிக்க ஒரு தரம்தான் விட்டார்கள், விடவே மனசில்லை. அவன் அப்பா கையெழுத்துப் போட்ட கதையைச் சொன்னேன். மேசையில் தலையைக் கவிழ்த்துக்கொண்டான். உன்னை யார் கூட்டிவந்தது என்று கேட்டான். சொன்னேன்.

"வெளியிலயா இருக்காங்க? இந்தக் குளிர்லயா?" என்றான். கொஞ்சம் கழித்து, "அவங்க பேரையும் போடட்டுமாம்மா? நீ சங்கடப்பட மாட்டியே?"

சங்கடப்பட்டேனா? ஒரு நொடி. பொய் சொல்லக்கூடாது. போடு என்றேன்.

வெளியே வந்தபோது வாண்டா ஸ்வெட்டருக்குள் கையை விட்டுக்கொண்டு தூங்கிக்கொண்டிருந்தாள். பார்வையாளர் விண்ணப்பத்தை அவள் மடியில் வைத்தேன். விழித்துப் படித்தாள். ரொம்ப நேரம் படித்தாள். அப்புறம் வண்டியைக் கிளப்பினாள். வழியெல்லாம் இரண்டு பேரும் லோனியைப் பற்றியே பேசிக்கொண்டு வந்தோம். சின்ன வயசில் வாராவாரம் அவள் வீட்டுக்குப் போவானே, அங்கே அவன் பண்ணிய சேட்டை எதுவும் எனக்குத் தெரியாது. எல்லாவற்றையும் சொல்லச் சொல்லிக் கேட்டேன்.

ஜனவரி 13, சனி

இன்றைக்கு இரண்டு பேரும் உள்ளே போனோம். வாசலில் அட்டை கேட்டார்கள். அவளுடையது லைசென்ஸ், என்னுடையது வண்டி ஓட்டாதவளுடையது. காவலாளி இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தான். ஸ்டாலர்ட், ஸ்டாலர்ட்.

"அக்கா தங்கச்சியா?" என்று கேட்டான்.

வாண்டா தலையைக் குனிந்துகொண்டாள். நான்தான் பதில் சொல்ல வேண்டியிருந்தது.

"ஆமா தம்பி," என்றேன்.