எதிர் அறை அக்காவும் அரிசி மூட்டையும்

அன்புள்ள அம்மாவுக்கு,

நான் நலம். உங்கள் முழங்கால் வலி குறைந்ததா? மாத்திரையை விட்டுவிடாதீர்கள்.

நேற்று அரிசி வாங்கப் போனேன். கிலோக் கணக்கில் பார்த்தால் பெரிய மூட்டைதான் மலிவு. ஆனால் ஒற்றை ஆள் தின்று தீர்ப்பதற்குள் வண்டு வைத்துவிடும். தயங்கி நின்றேன். எதிர் அறைத் தையல்கார அக்காவும் அதே மூட்டையைத் தடவிக்கொண்டு நின்றார். ஒரே மாடியில் இருந்தும் நாங்கள் பேசிக்கொண்டதில்லை.

"பாதிப் பாதியா எடுத்துக்கலாமாக்கா?" என்று கேட்டேன்.

"எதுக்குப் பிரிக்கணும்? ஒரே பானையில பொங்கிடலாம் வா," என்றார்.

ஆளுக்கொரு முனையாகத் தூக்கிக்கொண்டு, சிரித்தபடியே மாடியேறினோம். எனக்கு மட்டும் பொங்கியே பழகியதால் சோறு குழைந்துவிட்டது. ஆனாலும் வயிறாரச் சாப்பிட்டேன். இரண்டு பேருக்கு எத்தனை டம்ளர் தண்ணீர் வைப்பது? உடனே எழுதுங்கள். அக்கா கூப்பிடுகிறார், உலை கொதிக்கிறதாம்.

உங்கள் மகள்