நாற்காலி கிரீச்சிடும் மெட்டு

ஜூன் 4
புதுப் படத்துக்கு நான் போட்ட தொடக்க மெட்டு இயக்குநருக்குப் பிடித்துவிட்டது. "சின்ன வயசு வீட்டுக்குள்ள போய்ட்டு வந்த மாதிரி இருக்குங்க" என்றார். போன படத்தின் இசையை எல்லோரும் காறித் துப்பியபின், இரண்டு வருடம் பியானோவை மூடியே வைத்திருந்தேன்; ஒரு மெட்டும் வரவில்லை. இது வந்தது. நிஜ இசைக்குழுவை உட்காரவைத்துப் பதிந்து, இசையமைப்பாளர்களுக்கு விற்கும் ஒலித்தொகுப்பான சாம்பிள் லைப்ரரியின் மெல்லிய வயலின்கள். மூன்றாவது ஸ்வரத்துக்குப் பின் யாரோ அசைய, நாற்காலி கிரீச்சிடுவதுகூடக் கேட்கும். அதையும் விட்டுவைத்திருக்கிறேன்.

கூட வேலை பார்க்கும் தங்கை மட்டும், "கொஞ்சம் மாத்திக்கலாமேக்கா" என்றாள்.

ஜூன் 9
மறுபடியும் "மாத்திக்கலாமேக்கா". இவளுக்கு என்ன வந்தது? நான் உள்ளே போனால் சட்டென்று ஹெட்போனைக் கழற்றுகிறாள்.

ஜூன் 15
வேறொரு படத்தின் முன்னோட்டம் பார்த்தேன். என் மெட்டு! அதே வயலின்கள், அதே இடத்தில் அதே கிரீச். தங்கைதான் என் ஃபைலையே அவர்களுக்குத் தூக்கிக் கொடுத்திருக்கிறாள். அதைக் கேட்டது இயக்குநரும் அவளும்தான். இதற்காகத்தான் மாற்று, மாற்று என்று — அடிப்பாவி! கூடப்பிறந்தவளா இவள்?

ஜூன் 16
பாஸ்வேர்டை மாற்றினேன்.

ஜூன் 17
கேட்டேவிட்டேன். "யாருகிட்ட குடுத்த? திருடி!" இல்லை என்று ஒரு வார்த்தை சொன்னால் என்ன? ஸ்டுடியோ சாவியை மேசைமேல் வைத்துவிட்டுப் போய்விட்டாள். போகட்டும்.

ஜூன் 20
புது மெட்டு போட்டாக வேண்டும். லைப்ரரியில் நான் தொட்டதே இல்லை என்று நினைத்திருந்த பகுதியைத் திறந்தேன். முழு மெட்டாகவே வாசித்துப் பதிந்தவை. லைப்ரரியை வாங்கிய எவரும் எடுத்துக்கொள்ளலாம். ஒவ்வொன்றாகக் கேட்டேன். பதினோராவது — என் மெட்டு. கிரீச்.

பிப்ரவரியில் ஜுரத்தோடு உட்கார்ந்து எதையோ எடுத்து ஒட்டிவைத்தது இப்போதுதான் ஞாபகம் வருகிறது. ஒரு மாதம் கழித்துத் திறந்து, நான் போட்டதென்றே நினைத்து அழுதேன். சீ, என்ன மனுஷி நான்!

ஜூன் 21
தங்கை வீட்டுக்குப் போனேன்.

"முதல் நாளே தெரியும்க்கா. உனக்குத் தெரியாம மாத்திடலாம்னு ஹெட்போன்ல முயற்சி பண்ணிட்டிருந்தேன்."

"திருடின்னு திட்டினப்பவாவது சொல்லியிருக்கலாமேடி!"

"சொன்னா மறுபடி பியானோவை மூடிடுவ."

அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன்.

ஜூலை 2
இயக்குநரிடம் உண்மையைச் சொல்லி, பத்து நாள் அவகாசம் வாங்கியிருக்கிறேன். சாவி மறுபடி தங்கையிடம். இன்று அவளுக்கு வாசித்துக் காட்டினேன்.

"நாலே ஸ்வரமாக்கா?"

"நாலும் என்னுது. லைப்ரரி முழுக்கத் தேடிப் பாத்துட்டேன்."

"நானும் ஒரு தடவை பாத்துடறேன்" என்று ஹெட்போனை மாட்டிக்கொண்டாள்.