விதர்லி மாளிகையின் பின்படிக்கட்டு

விதர்லி மாளிகை ஆஸ்பத்திரி,
நவம்பர் 9, 1917

அன்புள்ள அம்மா,

நான் சுகமாக இருக்கிறேன். உன் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? அப்பாவின் இருமல் நின்றதா?

நீ வேலை பார்த்த மாளிகை இப்போது உனக்கு அடையாளமே தெரியாது. நடனக்கூடத்தில் நாற்பது கட்டில்கள், எல்லாவற்றிலும் காயம்பட்ட சிப்பாய்கள். சண்டை முடிந்ததும் பள்ளிக்கூடமாக்கப் போகிறார்களாம். சீமாட்டி ஒரே ஓர் அறையில் ஒதுங்கிவிட்டார்.

செவ்வாய்க்கிழமை அவருக்கு மணிக்கட்டு பிசகிவிட்டது. கட்டுப் போடும்போது, "எங்கம்மா ஹெட்டி இங்க பதினோரு வருஷம் வேலை பார்த்தாங்க," என்றேன்.

"அப்படியா? எனக்கு ஞாபகமே இல்லையே," என்றார்.

எனக்குச் சுருக்கென்றது. "கரி வாளியோட பின்படிக்கட்டுல விழுந்து முழங்கால் உடைஞ்சதே, அவங்கதான். அன்னிக்கே வேலையை விட்டு நிறுத்திட்டீங்க," என்று சொல்லிவிட்டேன். பயப்படாதே, என் வேலைக்கு ஒன்றும் ஆகவில்லை.

மறுநாள் காலையில் அவர், வேலைக்காரர்கள் மட்டுமே ஏறி இறங்கும் அந்தப் பின்படிக்கட்டில் சுவரைத் தடவித் தடவி இறங்கிக்கொண்டிருந்தார். "இவ்வளவு இருட்டா? நாப்பது வருஷமா இந்த வீட்ல இருக்கேன், இங்க வந்ததே இல்லம்மா," என்றார். கீழ்ப்படியில் உட்கார்ந்தவர் வெகுநேரம் எழுந்திருக்கவில்லை. நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன். அவர் மன்னிப்பு எதுவும் கேட்கவில்லை. உன் முழுப்பெயரைக் கேட்டு, இரண்டு தடவை சொல்லிப் பார்த்துக்கொண்டார்.

கம்பளிக் காலுறை இரண்டு ஜோடி அனுப்பு. உன் பழைய சால்வையும் வேண்டும். துவைக்காமல் அனுப்பு.

ஆம்புலன்ஸ் வந்துவிட்டது, ஓடுகிறேன்.

உன் மாபெல்