ஒரு படித் தவிடும் ஒரு சர்டிபிகேட்டும்

எம்.ரெட்டியபட்டி,
9.7.1972, ஞாயிறு.

என் செல்ல மகள் கஸ்தூரிக்கு அம்மா ராமலட்சுமி அநேக ஆசீர்வாதத்துடன் எழுதிக்கொள்வது. இங்கே நானும் அப்பாவும் மாடு இரண்டும் நலம், அப்பாவின் கோபம் எங்கள் எல்லாரையும் விட நலம். மெட்ராஸில் உன் உடம்பும் மனசும் ஒரு குறையில்லாமல் இருக்க அய்யனார் துணை இருக்கட்டும்.

கவரைப் பிரித்ததும் உள்ளே மடித்து வைத்திருக்கிற காகிதத்தைத்தான் முதலில் பார்க்கப்போகிறாய் என்று எனக்குத் தெரியும். பார்க்காதே. பார்த்தால் பயந்துவிடுவாய். முதலில் இதை முழுக்கப் படி, அப்புறம் அதைப் பிரி.

உன் கடிதம் 27ஆம் தேதி செவ்வாய்க்கிழமை வந்தது. மாட்டு டாக்டர் படிப்புக்கு இடம் கிடைத்து, ஹாஸ்டலில் பெட்டியைக்கூடப் பிரித்து அடுக்கின பிறகு உன்னை ஆபீஸில் கூப்பிட்டு, நீ எட்டு வருஷமாகப் பெங்களூரில் மாமா வீட்டில் இருந்து படித்தவள், அதனால் மைசூர் மாநிலத்துப் பெண், வெளி மாநிலத்தாருக்கு உண்டான மூன்று பங்கு சம்பளம் கட்டு, இல்லாவிட்டால் தமிழ்நாட்டில்தான் குடியிருப்பு என்று தாசில்தாரிடம் சர்டிபிகேட் வாங்கி 15ஆம் தேதிக்குள் கொடு என்று சொன்னதாக எழுதியிருந்தாய். அதை அப்பாவுக்கு வாசித்துக் காட்டினேன். முடியாவிட்டால் பரவாயில்லை அம்மா, பெட்டியைக் கட்டிக்கொண்டு ஊருக்கே வந்துவிடுகிறேன் என்று கடைசியில் எழுதியிருந்தாயே, அந்த வரியை மட்டும் வாசிக்கவில்லை. மூன்று பங்கு கட்ட நம்மால் ஆகாது என்பது உனக்கே தெரியும். அன்று எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. உன் அப்பாவோ சிரித்தார்கள். இந்தப் பக்கத்தில் சங்கரபாண்டியன் கடையைத் தெரியாத மாடு உண்டா, இருபத்தைந்து வருஷமாகப் பருத்திக்கொட்டையும் புண்ணாக்கும் தவிடும் விற்கிறவனைப் பார்த்து நீ எந்த ஊர் என்று எவன் கேட்பான், நாளைக்கே வாங்கித் தருகிறேன் என்று மீசையைத் தடவிக்கொண்டார்கள்.

மறுநாள் கிராம முன்சீப் சீனிச்சாமி வீட்டுக்குப் போனார்கள். நம் வீட்டுக்கு மூன்றாவது வீடு, நீ பிறந்ததற்குச் சீனி வாங்கித் தின்ற மனுஷன். அவர், எனக்குத் தெரியும் அண்ணாச்சி, எனக்குத் தெரிஞ்சு என்ன செய்ய, சர்க்காருக்குல்ல தெரியணும், புள்ளை ஊர்ல இருக்குன்னு எதாச்சும் காகிதம் கொண்டாங்க என்றாராம். அப்பாவுக்கு வந்ததே கோபம். வீட்டுக்கு வந்து தகரப் பெட்டியைத் திறந்து, பத்திரம், தீர்வை ரசீது, கடை லைசென்ஸ், எனக்கு அம்மை குத்தினதுக்குக் கொடுத்த சீட்டு வரைக்கும் கையில் அகப்பட்டதையெல்லாம் மஞ்சள் பையில் திணித்துக்கொண்டு, ஒன்பது மணி பஸ்ஸில் அருப்புக்கோட்டைத் தாலுகா ஆபீஸுக்குப் போய் மேஜையில் கவிழ்த்துவிட்டார்கள். கிளார்க்கும் பொறுமையாக ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே வந்தவர், ஒரு ரசீதை எடுத்து, பேஷ், இது ஒன்றே போதும் என்றாராம். அப்பா என்னைப் போல ஒழுங்காகக் காகிதம் வைத்திருக்கிறவன் யார் என்று நெஞ்சை நிமிர்த்தியிருக்கிறார்கள். அது என்ன ரசீது தெரியுமா. 1964இல் உன்னைப் பெங்களூருக்கு அனுப்பினபோது, ஊரில் இல்லாத பிள்ளை பேரில் சீனி வாங்கினால் திருட்டு என்று சொல்லி, அப்பாவே தாலுகா ஆபீஸுக்குப் போய், என் மகள் இந்த மாநிலத்தை விட்டே போய்விட்டாள், ரேஷன் கார்டில் பேரை அடித்துவிடுங்கள் என்று கைப்பட எழுதிக் கொடுத்து, கொடுத்ததற்கு ரசீதும் கேட்டு வாங்கி வந்தார்களே, அது. சொந்தக் காசில் சூனியம் வைத்துக்கொள்வது என்று கேள்விப்பட்டிருக்கிறேன், அதற்கு ரசீதும் வாங்கி எட்டு வருஷம் பத்திரமாக வைத்திருந்த ஆளை இப்போதுதான் பார்க்கிறேன். கிளார்க், நீங்களே போய்விட்டாள் என்று எழுதிக் கொடுத்திருக்கிறீர்கள், இனி ரெவின்யூ இன்ஸ்பெக்டர் நேரில் வந்து அக்கம்பக்கத்தில் விசாரித்து எழுதினால்தான் உண்டு என்று சொல்லி அனுப்பிவிட்டார். அன்று சாயங்காலம் அப்பா கடையில் தவிடு கேட்டு வந்தவருக்கு உளுந்தம்பொட்டைக் கட்டிக் கொடுத்தார்கள்.

போன திங்கட்கிழமை ரெவின்யூ இன்ஸ்பெக்டர் காளிராஜ் சைக்கிளில் வந்தார். ஆனிக் காற்றில் மண்ணை வாரி அடிக்கிறது, அவர் வந்து இறங்கினபோது கண், காது, மூக்கு எல்லாம் செம்மண். பக்கத்து வீட்டு ஆவுடைத்தாய் ஆட்டுக்குக் கருவேலங்காய் உலுப்பிக்கொண்டிருந்தவள் பாவம் பார்த்துத் தண்ணீர் மொண்டு கொடுத்திருக்கிறாள். குடித்துவிட்டு, ஏம்மா, இந்தக் கடைக்காரர் மகள் கஸ்தூரி இந்த ஊர்ப் பிள்ளைதானா என்று கேட்டிருக்கிறார். இவள் என்ன சொல்லவேண்டும், ஆமாம் என்று சொல்லவேண்டும். கடைக்காரக மகள்னு எவன் சொன்னான், அது எம்புள்ள, ஒரு படித் தவிடு குடுத்து நான் வாங்குன புள்ள, வளக்கத்தான் அவுக கையில குடுத்திருக்கேன் என்று சொல்லியிருக்கிறாள். அவரும் இந்தப் பக்கத்து ஆள் இல்லை, தஞ்சாவூர்ப் பக்கம் போலிருக்கிறது, பிள்ளை தங்காத வீட்டில் பிறந்ததைப் பேருக்குத் தவிட்டுக்கு விற்கிற நம் வழக்கம் தெரியாமல், மனுதாரர் குறிப்பிட்ட பெண் மனுதாரரின் மகள் அல்ல, அண்டை வீட்டாருக்குத் தவிட்டுக்கு விற்கப்பட்டவர் என்று எழுதிக்கொண்டு சைக்கிளில் ஏறிவிட்டார். சீனிச்சாமி ஓடி வந்து சொன்ன பிறகுதான் எங்களுக்கே தெரியும். பிள்ளையை விற்றவன் என்று சர்க்கார் தாளிலேயே ஏறிவிட்டதே என்று அப்பா தலையில் கையை வைத்து உட்கார்ந்துவிட்டார்கள். அதிலும் அந்த ஒரு படித் தவிடு நம் கடையில் வாங்கினதுதான் என்பது அவர்களுக்கு ரொம்ப வருத்தம்.

நான் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு ஆவுடைத்தாயிடம் சண்டைக்குப் போனேன். ஏண்டி, உனக்குப் புத்தி இருக்கா, புள்ள படிப்பே போகப்போகுது, ஆபீசர் முன்னால போயி அது எம்புள்ள இல்லன்னு சொல்லிட்டு வா என்று கத்தினேன். அவள் பதிலுக்குக் கத்தவில்லை. மதினி, சர்க்கார் காகிதத்துல எம்புள்ள இல்லன்னு நான் சொன்னா அது சாமி காதுல விழாதா, சாமிய ஏமாத்தத்தான வாங்குனோம், அதுக்குக் கல்யாணம் ஆகிற மட்டும் வாய் தவறிக்கூடச் சொல்லக்கூடாதுன்னு நீதான சொன்ன என்றாள். உனக்கு முன்னால் பிறந்த இரண்டு ஆண் பிள்ளைகளைப் பற்றி நான் உன்னிடம் அதிகம் சொன்னதில்லை. ஒருவன் நாற்பது நாள், ஒருவன் ஏழு மாதம். நீ பிறந்த அன்று எனக்குச் சந்தோஷமே இல்லை கஸ்தூரி, பயம்தான் இருந்தது. பெற்ற அஞ்சும் உருப்படியாக வளர்ந்த ஆவுடைத்தாய் கையில் உன்னைக் குப்பைமேட்டில் வைத்துக் கொடுத்துத் தவிட்டை மடியில் வாங்கின பிறகுதான் எனக்குப் பாலே சுரந்தது. அதை நான் மறந்துவிட்டுச் சண்டைக்குப் போயிருக்கிறேன், அவள் மறக்கவில்லை. வெட்கமாக இருந்தது, அங்கேயே உட்கார்ந்து அவளோடு சேர்ந்து கருவேலங்காய் பொறுக்கிப் போட்டுவிட்டு வந்தேன்.

சரி, நடந்ததை நேரில் சொல்லிப் பார்ப்போம் என்று வெள்ளிக்கிழமை மூன்று பேரும் பஸ் ஏறினோம். ஆவுடைத்தாய் ஆபீசருக்கு என்று ஒரு சுரைக்காயைத் தூக்கிக்கொண்டு வந்தாள். லஞ்சம் என்று சொல்லி உள்ளே தள்ளிவிடுவான் என்று அப்பா வழி நெடுகத் திட்டிக்கொண்டு வந்தார்கள், கடைசியில் சுரைக்காய் அப்பா மடியிலேயே தாலுகா ஆபீஸ் வரை வந்து சேர்ந்தது. தாசில்தார் நரைத்த மனுஷன், நிதானமானவர். இன்ஸ்பெக்டர் எழுதினதை வாசித்துவிட்டு, யார் விற்றது, யார் வாங்கினது என்று கேட்டார். நான் நடந்ததைச் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. வழக்கம் எனக்கும் தெரியும் தாயே, ஆனால் பெண் மாநிலத்தை விட்டுப் போய்விட்டாள் என்று தகப்பனாரே எழுதிக் கொடுத்திருக்கிறார், இந்த ஊரில் இருக்கிறாள் என்று காட்ட ஒரு துண்டுக் காகிதமாவது வேண்டுமே, நான் எதை வைத்து எழுதுவேன் என்றார். அப்பா சுரைக்காயைப் பிடித்துக்கொண்டு தரையைப் பார்த்தார்கள். உன் பெட்டி ஹாஸ்டலிலிருந்து திரும்பி வருகிறது என்றுதான் நான் அந்த நிமிஷம் நினைத்தேன்.

அப்போது ஆவுடைத்தாய் இடுப்பில் இருந்த சுருக்குப் பையை அவிழ்த்து, வெற்றிலைக்கும் பாக்குக்கும் நடுவில் எட்டாக மடித்திருந்த அவள் ரேஷன் கார்டை எடுத்து மேஜையில் வைத்தாள். குடும்பத் தலைவி ஆவுடைத்தாய், அதற்குக் கீழே அவள் பிள்ளைகள் ஐந்து பேர், கல்யாணம் ஆனவர்கள் பேரெல்லாம் அடித்திருக்கிறது. ஆறாவதாக, கஸ்தூரி, மகள், வயது பதினொன்று. அது அடிக்கவில்லை. உனக்கு ஒரு வயசு ஆகுமுன்னே தன் கார்டில் உன்னை ஏற்றியிருக்கிறாள், எங்களுக்கு ஒரு வார்த்தை சொல்லவில்லை. கார்டு மாற்றும்போதெல்லாம் உன் பேரும் கூடவே ஏறியிருக்கிறது. தாசில்தார், ஏம்மா, காலேஜில் படிக்கிற பெண்ணுக்குப் பதினொன்றுதான் வயதா என்று கேட்டார். அதற்கு அவள், பன்னெண்டு ஆனா முழுப் பங்குச் சீனி குடுப்பாகய்யா, புள்ள ஊர்ல இல்லாதப்ப முழுசா வாங்குனா பாவம், அதான் அது போன அன்னிக்கு இருந்த வயசோடயே நிறுத்தி அரைப் பங்கு வாங்குறேன் என்றாள். கிளார்க் வெளியே எழுந்து போய்ச் சிரித்துவிட்டு வந்தார். அப்பாவுக்குப் பொறுக்கவில்லை, எட்டு வருஷமாகச் சர்க்கார் சீனியைத் திருடியிருக்கிறாள், இது குற்றம் என்று ஆரம்பித்தார்கள். ஆவுடைத்தாய் திரும்பி, அண்ணாச்சி, வருசா வருசம் பெங்களூருக்குப் புள்ளைக்குக் குடுத்து விட்ட ரவை உருண்டைக்குச் சீனி எங்கிட்டு இருந்து வந்துச்சுன்னு நெனச்சீக என்று கேட்டாள். அந்த ரவை உருண்டையில் பாதி உன் அப்பா வாயோடு போனதுதான், உனக்கு அனுப்பும்போது டப்பா எப்போதும் அரைதானே இருக்கும்.

தாசில்தார் கார்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பெற்றவர்களோ, காப்பாளரோ, யாராவது ஒருவர் இங்கே குடியிருந்து, பெண் பேரும் அதே வீட்டில் இருந்தால் போதும் என்றுதான் விதி இருக்கிறது, பெற்றவர் அடித்துவிட்டார், காப்பாளர் அடிக்கவில்லை, எழுதிவிடலாம் என்றார். ஆனால் ஊரில் குடியிருக்கிற ஒருவர் சாட்சிக் கையெழுத்துப் போடவேண்டும், சொந்தக்காரராக இருக்கக்கூடாது என்றார். சீனிச்சாமியைக் கூப்பிட்டு வர நேரமில்லை, மணி நாலரை, மறுநாளும் அதற்கு மறுநாளும் ஆபீஸ் கிடையாது. நான் போடுகிறேன் என்று முன்னால் போனேன். கிளார்க் பேனாவைக் கொடுத்துவிட்டு, பெண்ணுக்கு நீங்கள் என்ன உறவு என்று கேட்டார். தாசில்தார் சட்டென்று ஜன்னல் பக்கம் திரும்பி வேப்பமரத்தைப் பார்க்க ஆரம்பித்துவிட்டார். அப்பா சுரைக்காயைப் பார்த்தார்கள். ஆவுடைத்தாய் என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். பக்கத்து வீடு என்று சொன்னேன். அதையே எழுதி, கீழே கையெழுத்தும் போட்டேன்.

இனி அந்தக் காகிதத்தைப் பிரித்துக்கொள். தகப்பனார் பேர் சரியாக இருக்கிறது, காப்பாளர் ஆவுடைத்தாய் என்று இருக்கும், அதைப் பார்த்துப் பயப்படாதே. நாளைக் காலையில் ரிஜிஸ்தர் தபாலில் அனுப்புகிறேன், கைக்கு வந்த அன்றைக்கே ஆபீஸில் கொடுத்து ரசீது வாங்கு, அந்த ரசீதை மட்டும் உன் அப்பா கண்ணில் காட்டாதே. ஹாஸ்டலில் வெறும் வயிற்றோடு மாட்டுக் கொட்டகைக்குப் போகாதே, வெள்ளிக்கிழமை எண்ணெய் தேய்க்க மறக்காதே. கார்டிலிருந்து உன் பேரை எடுத்துவிடவேண்டும் என்று அப்பா ஆவுடைத்தாய் வாசலில் நேற்றும் போய் நின்றார்கள், அவள் கல்யாணத்தன்னிக்கு ஒரு படித் தவிட்டைக் கொண்டாங்க, புள்ளையத் திருப்பித் தாரேன், அது வரைக்கும் புள்ளையும் கார்டும் எங்கிட்டத்தான் என்று சொல்லி அனுப்பிவிட்டாள். அவளுக்குத் தனியாக ஒரு கடிதம் எழுது, அன்புள்ள அம்மாவுக்கு என்று ஆரம்பி, எனக்கு ஒன்றும் வருத்தம் இல்லை. அவளுக்கு எழுத்துத் தெரியாது, நான்தான் வாசித்துக் காட்டவேண்டும், அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுது.

நீ நூறு வயது நோய்நொடி இல்லாமல் இருந்து, ஊர் மாட்டுக்கெல்லாம் வைத்தியம் பார்க்கவேண்டும்.

இப்படிக்கு,
பக்கத்து வீட்டு ராமலட்சுமி.